என் எண்ணிலிருந்து நான் பேசாத அழைப்புகள் போகின்றன. எண்ணை மாற்றிவிடலாமா?

பூச்சந்தை_கமிஷன் | செவ்வாய், காலை 9.40

வணக்கம். மதுரை மாட்டுத்தாவணி பூச்சந்தையில் கமிஷன் கடை வைத்திருக்கிறேன். பதினேழு வருடமாக ஒரே கைப்பேசி எண். கடைப் பலகை, ரசீதுப் புத்தகம், வேன் கதவு எல்லாவற்றிலும் அந்த எண்தான். திருமங்கலம், உசிலம்பட்டி, நிலக்கோட்டைப் பக்கமிருந்து மல்லி போடுகிற விவசாயிகள் பலருக்கு என் பெயர் தெரியாது, எண் மனப்பாடம்.

சனிக்கிழமை அதிகாலை நாலரை மணி. முகூர்த்த நாள் என்பதால் மூட்டைகள் வந்து இறங்கிக்கொண்டிருந்தன. கைப்பேசி அடித்தது. எடுத்ததும் ஒருவர், "யார் நீ? நேற்றிலிருந்து என் மனைவிக்கு அழைத்து ஏன் கார்டு எண் கேட்கிறாய்?" என்று கத்தினார். தவறான எண் என்று சொல்லி வைத்தேன். கொஞ்ச நேரத்தில் இன்னொருவர். அடுத்து திருநெல்வேலியிலிருந்து ஒருவர். அன்று மட்டும் முப்பத்தொரு அழைப்புகள். எல்லோரும் சொல்வது ஒன்றுதான்: என் எண்ணிலிருந்து அழைப்பு வந்தது, வங்கி என்று சொன்னார்கள்.

திட்டியவர்களைக் கூடப் பொறுத்துக்கொள்ளலாம். கோவையிலிருந்து பேசிய ஓர் அம்மா திட்டவில்லை, அழுதார். கணக்கு முடங்கிவிடும் என்று பயமுறுத்தி 18,000 ரூபாயை எடுத்துவிட்டார்களாம். "பேரனின் கல்லூரிக் கட்டணம் ஐயா, திருப்பிக் கொடுத்துவிடுங்கள்" என்று என்னிடம் கெஞ்சினார். அவர் கைப்பேசியில் என் எண் இருக்கிறது. என் கைப்பேசியில் வெளியே போன அழைப்புகளின் பட்டியலில் அவர் எண் இல்லை. நான் அந்த ஆள் இல்லை என்று எப்படிப் புரியவைப்பது? நான்கு நாளாகச் சரியாகத் தூங்கவில்லை.

எண்ணை மாற்றிவிடு என்கிறான் மகன். மாற்றினால் பிழைப்பு போய்விடும். விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

வைகை_வடகரை | செவ்வாய், காலை 10.15

மாற்றாதீர்கள் அண்ணே. தயவுசெய்து மாற்றாதீர்கள்.

எனக்கும் போன வருடம் இதே தொல்லை வந்தது. ஒன்பது நாள் நீடித்தது. பிறகு அவர்களே வேறு எண்ணுக்குத் தாவிவிட்டார்கள். ஓர் எண்ணைப் பலரும் மோசடி என்று குறித்துவிட்டால் அதைக் காட்டி அழைக்கும்போது யாரும் எடுக்க மாட்டார்கள். அவர்களுக்கு உங்கள் எண் ஒரு வாரத்துச் சரக்கு, உங்களுக்கோ பதினேழு வருட உழைப்பு.

இன்னொன்றும் இருக்கிறது. நீங்கள் விட்டுவிடுகிற எண் 90 நாள் கழித்து வேறு ஒருவருக்குப் போய்விடலாம். வங்கி, ஆதார், ஜி.எஸ்.டி. எதிலாவது பழைய எண்ணை மாற்ற மறந்திருந்தால் அதற்கான ஓ.டி.பி. முன்பின் தெரியாத ஒருவருடைய கையில் போய் விழும்.

நேர்வழி | செவ்வாய், காலை 11.02

எனக்கு இது சரியாகப் படவில்லை. ஓர் எண் திரையில் தெரிகிறது என்றால் அந்த சிம்மிலிருந்து அழைப்பு போயிருக்க வேண்டும். யாரோ உங்கள் சிம்மை நகல் எடுத்திருக்கிறார்கள், அல்லது கடையில் வேலை செய்யும் பையன் யாராவது உங்கள் கைப்பேசியை எடுத்துப் பேசியிருக்கிறான். நெருப்பில்லாமல் புகையாது. முதலில் கடைக்குள்ளே விசாரியுங்கள்.

பூச்சந்தை_கமிஷன் | செவ்வாய், பகல் 12.30

என் கடைப் பையன்கள் மீது எனக்குச் சந்தேகம் இல்லை. கைப்பேசி எப்போதும் என் சட்டைப் பையில்தான் இருக்கிறது. சிம் நகல் என்று சொன்னது மட்டும் வயிற்றைக் கலக்குகிறது. அப்படியும் நடக்குமா?

பழைய_எக்ஸ்சேஞ்ச் | செவ்வாய், மாலை 6.50

தொலைபேசி நிலையங்களில் முப்பத்திரண்டு ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் நான். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நேர்வழி, உங்கள் மீது தவறில்லை. நாட்டில் பாதிப் பேர் நீங்கள் நினைப்பது போலத்தான் நினைக்கிறார்கள். அந்த நினைப்பை வைத்துத்தான் மோசடிக்காரன் பிழைக்கிறான்.

நம் பக்கத்து மொய் விருந்தை எண்ணிப் பாருங்கள். பந்தலின் வாசலில் மேசை போட்டு ஒருவர் நோட்டுடன் உட்கார்ந்திருப்பார். பணத்தை நீட்டி, "பேரையூர் இன்னார் மகன் இன்னார்" என்று சொன்னால் அவர் அப்படியே எழுதிக்கொள்வார். ஆதார் அட்டையைக் காட்டு என்று கேட்க மாட்டார். அவர் எழுதுவது வந்தவரின் வாய்ச்சொல்லை. உங்கள் கைப்பேசித் திரையில் தெரியும் எண்ணும் அப்படி எழுதப்பட்டதுதான். அழைப்பு புறப்படும் இடத்தில் உள்ள கருவி, "என் எண் இது" என்று அதற்குரிய கட்டத்துக்குள் எழுதி அடுத்த நிலையத்துக்குத் தள்ளிவிடும். அது அதற்கடுத்த நிலையத்துக்குத் தள்ளும். கடைசி நிலையம் உங்கள் திரையில் காட்டும். நடுவில் இருப்பவை முன்னால் இருப்பதை நம்பி வாங்கிக்கொள்ளும்.

ஏன் இப்படி வைத்தார்கள்? தொலைபேசி நிலையங்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ளும் எஸ்.எஸ்.7 என்னும் முறை 1980 வாக்கில் வகுக்கப்பட்டது. அன்று தொலைபேசி நடத்தியவை பெரும்பாலும் அரசுத் துறைகள், அல்லது கைவிரல் விட்டு எண்ணக்கூடிய நிறுவனங்கள். ஒருவருக்கொருவர் தெரிந்தவர்கள். திருட்டு உள்ளேயிருந்து வரும் என்று யாரும் நினைக்கவில்லை. பின்னால் இணையம் வழியாகப் பேசும் வசதி வந்தது. ஒரு கணினியில் மென்பொருளைப் போட்டு, அனுப்புநர் எண் என்னும் கட்டத்தில் எதை வேண்டுமானாலும் தட்டச்சு செய்யலாம் என்ற நிலை ஆகிவிட்டது. இதற்கு நேர்மையான பயனும் உண்டு. ஐநூறு பேர் வேலை செய்யும் அலுவலகத்தில் எந்த மேசையிலிருந்து பேசினாலும் அலுவலகத்தின் பொது எண்தான் வெளியே தெரிய வேண்டும் அல்லவா? அந்தக் கதவு வழியாகத்தான் திருடனும் நுழைகிறான். இதை ஆங்கிலத்தில் ஸ்பூஃபிங் என்கிறார்கள்.

பூக்கடைக்காரரே, யாரோ உங்கள் பெயரைச் சொல்லி மொய் எழுதிவிட்டுப் போய்விட்டான். மறுநாள் எல்லோரும் உங்கள் வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். நடந்தது இவ்வளவுதான். உங்கள் சிம்மையோ கைப்பேசியையோ யாரும் தொட்டிருக்க வேண்டிய தேவையே இல்லை.

சிம் மாற்று மோசடி என்பது வேறு. அதில் உங்கள் பெயரில் வேறு ஒருவன் மாற்று சிம் வாங்குவான். அடுத்த நிமிடம் உங்கள் கைப்பேசியில் சிக்னல் செத்துவிடும். உங்களுக்குச் சிக்னல் இருக்கிறது, ஓ.டி.பி. வருகிறது, திட்டுகிறவர்களின் அழைப்பு கூடச் சரியாக வந்து சேர்கிறது. ஆகவே இது அது இல்லை. மனதைத் தேற்றிக்கொள்ளுங்கள்.

உங்கள் சேவை நிறுவனத்திடம் கடந்த ஒரு மாதத்தின் வெளிச்செல்லும் அழைப்புப் பட்டியலைக் கேட்டு வாங்குங்கள். பிரீபெய்டு எண்ணுக்கும் கேட்டுப் பெறலாம், சிறு கட்டணம் இருக்கும். கோவை அம்மாவுக்கு அழைப்பு வந்த நாளும் நேரமும் அந்தப் பட்டியலில் இருக்காது. நீங்கள் அந்த ஆள் இல்லை என்பதற்கு அந்தத் தாள்தான் சாட்சி.

துபாய்_மேலூர் | செவ்வாய், இரவு 9.15

ஐயா, ஒரு சந்தேகம். வெளிநாட்டிலிருந்து +91 போட்டுப் போலியாக வரும் அழைப்புகளைத் தடுக்க மத்தியத் தொலைத்தொடர்புத் துறை 2024 அக்டோபர் 22 அன்று ஒரு முறையைத் தொடங்கியதே. முதல் 24 மணி நேரத்தில் 1.35 கோடி அழைப்புகளைத் தடுத்ததாகச் செய்தி படித்தேன். வெளிநாட்டிலிருந்து இந்திய எண்ணைக் காட்டி வந்தவற்றில் கிட்டத்தட்ட 90 சதவீதம் போலி என்றார்கள். நாங்கள் இங்கே இருப்பதால் நன்றாக நினைவிருக்கிறது. ஊரில் இருக்கும் அம்மா அதற்கு முன்பு, +91 என்று வந்தாலும் எடுக்கப் பயப்படுவார். அப்படித் தடுத்த பிறகும் பூக்கடை அண்ணனுக்கு ஏன் இந்த நிலை?

பழைய_எக்ஸ்சேஞ்ச் | செவ்வாய், இரவு 10.05

நல்ல கேள்வி தம்பி. அந்த முறை வேலை செய்யும் விதத்தைப் பாருங்கள். வெளிநாட்டு வாசல் வழியாக ஓர் அழைப்பு இந்தியக் கைப்பேசி எண்ணைக் காட்டிக்கொண்டு வருகிறது. அந்த எண்ணுக்கு உரியவர் உண்மையில் வெளிநாட்டில் ரோமிங்கில் இருக்கிறாரா என்று கேட்டுப் பார்க்கிறது. நீங்கள் இந்திய சிம்மோடு துபாயில் இருந்தால், ஆம் என்று பதில் வரும், அம்மாவுக்கு மணி அடிக்கும். பூக்கடைக்காரர் மாட்டுத்தாவணியில் மூட்டை இறக்கிக்கொண்டிருந்தால், இல்லை என்று பதில் வரும், அழைப்பு அங்கேயே வெட்டப்படும். மிக நல்ல வேலை, இதைச் செய்தவர்களைப் பாராட்ட வேண்டும்.

ஆனால் அது வெளிவாசலுக்கான காவல். நாட்டுக்குள்ளேயே இணைய அழைப்புச் சேவை எடுத்து, எண்ணைச் சரிபார்க்காத ஓர் இடைத்தரகன் வழியாக அழைப்பைத் தள்ளினால் அந்தக் காவலைத் தாண்ட வேண்டியதே இல்லை. அதோடு சிம் பாக்ஸ் என்று ஒன்று இருக்கிறது. நூற்றுக்கணக்கான உள்ளூர் சிம்களை ஒரு பெட்டியில் செருகி, வெளிநாட்டிலிருந்து இணையம் வழியாக வரும் பேச்சை உள்ளூர் அழைப்பாக மாற்றிவிடுவார்கள். அதில் தெரியும் எண் போலி இல்லை, யாரோ ஓர் ஏழையின் ஆதாரில் எடுத்த மெய்யான சிம். அதனால்தான் உங்கள் பெயரில் எத்தனை சிம் இருக்கிறது என்பதைத் தொலைத்தொடர்புத் துறையின் சஞ்சார் சாத்தி செயலியில் எல்லோரும் ஒரு தடவையாவது பாருங்கள் என்று கெஞ்சுகிறேன். தெரியாத எண் இருந்தால் அங்கேயே புகார் செய்யலாம்.

கோரிப்பாளையம்_டீச்சர் | புதன், காலை 6.20

இந்த இழையை இரவு முழுவதும் திரும்பத் திரும்பப் படித்தேன். என் அப்பாவுக்கு நடந்ததை இதுவரை வெளியே சொன்னதில்லை. இன்று சொல்கிறேன்.

அப்பாவுக்கு எழுபத்து நான்கு வயது. மேலூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் தனியாக இருக்கிறார். கூட்டுறவு சங்கத்தில் கணக்கெழுதியவர். ஒரு ரூபாய் இடித்தாலும் நடுராத்திரி எழுந்து கூட்டிப் பார்க்கும் மனிதர். 2023 மே மாதம் ஒருநாள் பகலில் அவருக்கு அழைப்பு வந்திருக்கிறது. திரையில் 0452 என்று தொடங்கும் எண். வங்கிக் கிளையிலிருந்து பேசுவதாகச் சொன்னார்கள். அப்பா, "ஒரு நிமிடம் இருங்கள்" என்று சொல்லிவிட்டு டிரங்குப் பெட்டியைத் திறந்து பாஸ்புக்கை எடுத்திருக்கிறார். முதல் பக்கத்தில் கிளையின் தொலைபேசி எண் அச்சிட்டிருக்கும். மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, திரையையும் பாஸ்புக்கையும் அருகருகே வைத்து, ஒவ்வோர் இலக்கமாக ஒப்பிட்டிருக்கிறார். அந்தப் பாஸ்புக் இப்போது என்னிடம்தான் இருக்கிறது. எண்ணின் ஒவ்வோர் இலக்கத்துக்கும் மேலே பென்சிலால் ஒரு சிறு புள்ளி. மொத்தம் பதினொரு புள்ளிகள். எல்லாம் பொருந்தியதும் அடியில் ஒரு கோடு.

பிறகுதான் ஓ.டி.பி.யைச் சொன்னார். 46,000 ரூபாய் போனது.

ஒன்றரை மணி நேரம் கழித்து எனக்குச் சொன்னார். உடனே சைபர் பண மோசடிப் புகாருக்கான உதவி எண் 1930க்கு அழைத்தேன். அவர்கள் விவரம் வாங்கிப் பதிந்த வேகத்தில் 19,500 ரூபாயை இடையில் ஒரு கணக்கில் நிறுத்த முடிந்தது. அது சில மாதம் கழித்துத் திரும்பி வந்தது. மீதி வரவே இல்லை. கிளையில் கேட்டதற்கு, ஓ.டி.பி.யை நீங்களே சொல்லியிருக்கிறீர்கள், இது வாடிக்கையாளரின் அலட்சியம் என்று எழுதிக் கொடுத்தார்கள். 2017 ஜூலையில் வந்த ரிசர்வ் வங்கி விதியில், கடவுச்சொல் போன்றவற்றை வாடிக்கையாளரே கொடுத்திருந்தால் வங்கிக்குத் தெரிவிக்கும் வரையிலான இழப்பு அவருடையது என்றுதான் இருக்கிறது. விதி அப்படி, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அலட்சியம் என்ற சொல்லை என்னால் ஏற்க முடியவில்லை. என் அப்பா அலட்சியமாக இருக்கவில்லை. இந்த ஊரில் அவரளவுக்குக் கவனமாக ஓர் அழைப்பை யாரும் சரிபார்த்திருக்க மாட்டார்கள். எதைச் சரிபார்க்க வேண்டும் என்று அவருக்கு யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை. "எண் சரியாகத்தானே இருந்தது அம்மா" என்று இன்று வரை சொல்லிக்கொண்டிருக்கிறார்.

ஐயா எழுதிய மொய் நோட்டை அப்பாவுக்குப் படித்துக் காட்டினேன். வெகுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்படியானால் நான் நோட்டைத்தான் சரிபார்த்தேன், ஆளைச் சரிபார்க்கவில்லை" என்றார்.

நேர்வழி | புதன், காலை 7.45

டீச்சர், உங்கள் அப்பாவுக்கு என் வணக்கம். பூக்கடை அண்ணனிடம் மன்னிப்புக் கேட்கிறேன். கடைப் பையன்களைப் பற்றி நான் எழுதியது தவறு.

ஆனால் கேட்க வேண்டியதைக் கேட்டுவிடுகிறேன். நான் ட்ரூகாலர் வைத்திருக்கிறேன். பெயரோடு காட்டுகிறது. அது காப்பாற்றாதா?

வைகை_வடகரை | புதன், காலை 8.30

அது எண்ணைப் பார்த்துப் பெயரைத் தேடிக் காட்டுகிறது. எண்ணே பொய்யாக இருந்தால் அந்தப் பொய் எண்ணுக்கு உரியவரின் மெய்யான பெயரைக் காட்டும். டீச்சர் அப்பாவின் கைப்பேசியில் அது இருந்திருந்தால் வங்கிக் கிளையின் பெயரையே பளிச்சென்று காட்டியிருக்கும், அவர் பாஸ்புக்கைக் கூட எடுத்திருக்க மாட்டார். நீங்கள் கைப்பேசியில் "மகள்" என்று பதிந்து புகைப்படம் வைத்திருந்தாலும் இதே கதைதான். மகளின் எண்ணைக் காட்டி எவன் அழைத்தாலும் மகளின் முகம் தெரியும்.

தொல்லை தரும் விளம்பரக்காரர்களை அடையாளம் காண அந்தச் செயலி உதவும். அதற்கு மேல் அதை நம்ப வேண்டாம்.

பழைய_எக்ஸ்சேஞ்ச் | புதன், காலை 9.10

சரியாகச் சொன்னீர்கள். அழைப்பவரின் பெயரை நிறுவனங்களே காட்ட வேண்டும் என்று தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் 2024 பிப்ரவரியில் பரிந்துரைத்தது. சிம் வாங்கும்போது கொடுத்த படிவத்தில் உள்ள பெயர் திரையில் தெரியும். பல விதத்தில் நல்லது. ஆனாலும் யோசித்துப் பாருங்கள், எண் போலியாக இருக்கும்போது கோவை அம்மாவின் திரையில் நம் பூக்கடைக்காரரின் சொந்தப் பெயரே தெரியும். முதலில் எண் மெய்யா என்று உறுதி செய்தாக வேண்டும், அதற்குப் பிறகுதான் பெயருக்கு மதிப்பு. அமெரிக்காவில் 2021 ஜூன் இறுதியிலிருந்து பெரிய நிறுவனங்கள், இணைய முறையில் செல்லும் ஒவ்வோர் அழைப்புக்கும், எண்ணுக்கு உறுதி சொல்லும் டிஜிட்டல் கையெழுத்துப் போட வேண்டும் என்று ஆக்கினார்கள். அங்கும் பழைய முறை நிலையம் ஒன்று நடுவில் வந்தால் கையெழுத்து உதிர்ந்துபோகிறது.

இங்கே வங்கி, காப்பீடு போன்றவற்றின் சேவை அழைப்புக்கு 1600 என்று தொடங்கும் எண்களும், விளம்பர அழைப்புக்கு 140 என்று தொடங்கும் எண்களும் ஒதுக்கியிருக்கிறார்கள். சாதாரணப் பத்து இலக்கக் கைப்பேசி எண்ணிலிருந்து "வங்கி பேசுகிறோம்" என்றால் உடனே சந்தேகப்படுங்கள், அந்த அளவுக்கு இது பயன்படும். 1600 என்று தெரிவதாலேயே ரகசியத்தைச் சொல்லிவிடாதீர்கள்.

அலங்கை_வாடிவாசல் | புதன், பகல் 1.20

தெரியாத எண்ணை எடுக்காமல் இருந்துவிட்டால் பிரச்சினை முடிந்ததே. ஏன் இவ்வளவு பேச்சு?

பூச்சந்தை_கமிஷன் | புதன், பகல் 2.05

தம்பி, எனக்கு வருகிற அழைப்பில் பாதி தெரியாத எண்தான். புதிதாக மல்லி போட்ட விவசாயி, கேரளத்திலிருந்து கேட்கும் வியாபாரி, லாரி ஓட்டுநர். எடுக்காவிட்டால் அன்றைய பூ வாடிவிடும். ஆட்டோ ஓட்டுகிறவர், பிளம்பர், சமையல் ஒப்பந்தம் எடுப்பவர் எல்லோருக்கும் இதுதான் நிலை. மேலும், டீச்சர் அப்பாவுக்கு வந்தது தெரிந்த எண் அல்லவா?

அலங்கை_வாடிவாசல் | புதன், பகல் 2.40

உண்மைதான் அண்ணே, யோசிக்காமல் எழுதிவிட்டேன். அதற்குப் பதிலாக எங்கள் வீட்டில் செய்வதைச் சொல்கிறேன்.

சென்னையில் படிக்கும் தம்பியின் குரலிலேயே யாரோ பேசி, விபத்து என்று சொல்லிப் பணம் கேட்டார்கள். அப்பத்தா பதறவில்லை. "நம் காளையின் பெயர் என்ன, சொல்" என்று கேட்டார். எதிர்முனையில் சத்தமே இல்லை, வைத்துவிட்டார்கள். அன்றிலிருந்து வீட்டில் பணம் கேட்டு யார் பேசினாலும் ஒரு கேள்வி உண்டு. காளையின் பெயரை மட்டும் விட்டுவிட்டோம். வாடிவாசலில் மைக்கில் அறிவிக்கிறார்கள், வீடியோக்களிலும் வந்துவிட்டது. இப்போது வைத்திருக்கும் கேள்வி தாத்தா காலத்துச் சங்கதி, எங்கள் நான்கு பேருக்கு மட்டும் தெரியும். எந்த வலைத்தளத்திலும் இல்லாததாக ஒன்றை எல்லோரும் வைத்துக்கொள்ளுங்கள்.

கறுப்புக்கோட்டு | புதன், இரவு 8.15

வழக்கறிஞராக இருக்கிறேன், ஒத்தக்கடை உயர் நீதிமன்றக் கிளையில் வழக்காடுகிறேன். பூக்கடை அண்ணனுக்காகச் சில விஷயங்கள்.

நீங்களும் இதில் பாதிக்கப்பட்டவர்தான். போலீஸ் உங்களைத் தேடி வரும் முன் நீங்கள் போய்ப் புகார் கொடுங்கள். மாநகரத்தில் இருப்பதால் மாநகர சைபர் கிரைம் காவல் நிலையம், கிராமப்புறத்தவர் என்றால் மாவட்ட சைபர் கிரைம் காவல் நிலையம். அதற்கு முன்பு தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்தில் பதிந்து, புகார் எண்ணை வாங்கிக்கொள்ளுங்கள். சஞ்சார் சாத்தியில் சக்ஷு என்னும் பகுதி 2024 மார்ச்சில் வந்தது. பணம் போகாவிட்டாலும், சந்தேகத்துக்குரிய அழைப்பை அங்கே தெரிவிக்கலாம். பணம் போனவர்களுக்கு அது உதவாது, அவர்கள் 1930க்குத்தான் அழைக்க வேண்டும், அதுவும் நிமிடக் கணக்கில்.

கையில் கொண்டுபோக வேண்டியவை: ஐயா சொன்ன வெளிச்செல்லும் அழைப்புப் பட்டியல், திட்டி அழைத்தவர்களின் அழைப்புகள் தெரியும் ஸ்கிரீன்ஷாட்கள், அவர்களுக்குப் போலி அழைப்பு வந்த நாளும் நேரமும். இந்த நேரம்தான் உயிர்நாடி. எந்த நிமிடம் என்று தெரிந்தால், அந்த அழைப்பு எந்த நிலையம் வழியாக வந்தது என்று நிறுவனங்களின் பதிவுகளில் பின்னோக்கித் தேட முடியும். நாள்கள் கடந்தால் தேடுவது கடினம். திட்டுகிறவர்களிடம் கோபப்படாமல், "உங்களுக்கு எப்போது வந்தது?" என்று மட்டும் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

சட்டத்தைப் பொறுத்தவரை, ஆள்மாறாட்டம் செய்து ஏமாற்றுவதற்குத் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 66டி பிரிவில் மூன்றாண்டு வரை சிறையும் ஒரு லட்சம் வரை அபராதமும் உண்டு. 2023ஆம் ஆண்டின் தொலைத்தொடர்புச் சட்டம் 42ஆவது பிரிவில், தொலைத்தொடர்பு அடையாளங்களைத் திரித்தால் மூன்றாண்டு வரை சிறை, 50 லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். ஆளைப் பிடிப்பதுதான் பாடு.

ஒன்றை மட்டும் எல்லோரும் வீட்டுப் பெரியவர்களிடம் அழுத்திச் சொல்லுங்கள். போலீஸ் போல வீடியோ அழைப்பில் பேசி மிரட்டுகிறார்களே, அந்த டிஜிட்டல் கைது என்று எந்தச் சட்டத்திலும் இல்லை. திரையில் காவல் நிலையத்தின் எண்ணே தெரியட்டும், நீதிமன்றத்தின் எண்ணே தெரியட்டும், கைப்பேசி வழியாக யாரையும் கைது செய்ய முடியாது. பணம் கட்டினால் விடுவோம் என்று எந்த நீதிபதியும் வீடியோவில் சொல்ல மாட்டார்.

கோரிப்பாளையம்_டீச்சர் | புதன், இரவு 9.00

ஐயா, அப்பா போன்றவர்களுக்கு ஒரே ஒரு பழக்கத்தைக் கற்றுக்கொடுக்க வேண்டும் என்றால் எதைச் சொல்வீர்கள்? பத்துச் சொன்னால் அவர்களுக்கு நினைவில் நிற்காது.

பழைய_எக்ஸ்சேஞ்ச் | புதன், இரவு 10.30

வைத்துவிட்டு நாமே அழைப்பது. அது ஒன்றுதான்.

இதன் காரணம் இதுதான். உள்ளே வரும் அழைப்பில் எண் என்பது அவன் எழுதிய எழுத்து. நாம் எண்ணை அழுத்தி வெளியே அழைக்கும்போது அதே எண் வழிகாட்டியாக வேலை செய்கிறது. நிலையங்கள் அதைப் பார்த்துத்தான் இணைப்பைக் கொண்டுபோய்ச் சேர்க்கின்றன, ஆகவே அது உரியவரிடம் போய் நிற்கும். உங்கள் அப்பா பதினொரு புள்ளி வைத்துப் பார்த்த அதே எண்ணை, அழைப்பைத் துண்டித்துவிட்டு அவரே அழுத்தியிருந்தால் மெய்யான கிளையில் மணி அடித்திருக்கும். "நாங்கள் அழைக்கவில்லையே" என்று அங்கே இருப்பவர் சொல்லியிருப்பார்.

துண்டித்துவிட்டு என்பதை அழுத்திச் சொல்லுங்கள். மோசடிக்காரன் வைக்க விடமாட்டான். "லைனிலேயே இருங்கள், மேலாளருக்கு மாற்றுகிறேன், வைத்தால் கணக்கு முடங்கிவிடும்" என்பான். வைக்காதே என்று எவன் சொல்கிறானோ அவனிடமிருந்துதான் உடனே வைக்க வேண்டும். மரியாதைக் குறைவு என்று நம் பெரியவர்கள் தயங்குகிறார்கள். "நானே அழைக்கிறேன் ஐயா" என்று சொல்லிவிட்டு வைக்கலாம், அதில் மரியாதைக்கு ஒரு குறையும் இல்லை. மெய்யான வங்கி ஊழியர் கோபப்பட மாட்டார்.

எண்ணை பாஸ்புக்கிலிருந்தோ ஏ.டி.எம். கார்டின் பின்பக்கத்திலிருந்தோ எடுங்கள். இணையத்தில் தேடினால் போலி உதவி எண்களும் வந்து நிற்கும்.

இந்த முறைக்கும் ஓர் ஓட்டை உண்டு, மறைக்கக் கூடாது. கல்யாணப் பத்திரிகை, போக்குவரத்து அபராதம் என்று வாட்ஸ்அப்பில் வரும் ஏ.பி.கே. என்னும் செயலிக் கோப்பைத் தொட்டு நிறுவியிருந்தால், நாம் வங்கிக்கு அழைக்கும் அழைப்பையே திருடனிடம் திருப்பிவிடும் தீய செயலிகள் இருக்கின்றன. கொரியாவில் வங்கி வாடிக்கையாளர்களைக் குறிவைத்து இப்படி ஒன்று பரவியது. ஆகவே பெரிய தொகை என்றால் பக்கத்து வீட்டுக் கைப்பேசியிலிருந்து அழையுங்கள். அதே போல *401* என்று தொடங்கும் எதையாவது அழுத்தச் சொன்னால் அழுத்தாதீர்கள். உங்களுக்கு வரவேண்டிய அழைப்புகளை அவன் பக்கம் திருப்புவதற்கான குறியீடு அது. இதனால்தான் 2024 ஏப்ரல் 15 முதல் இந்தக் குறியீடு வழியாகத் திருப்பும் வசதியை நிறுத்திவைக்கத் தொலைத்தொடர்புத் துறை உத்தரவிட்டது. சந்தேகமாக இருந்தால் கைப்பேசி அமைப்புகளில் அழைப்புத் திருப்பம் என்னும் பகுதியைத் திறந்து, ஏதாவது எண் உட்கார்ந்திருக்கிறதா என்று பாருங்கள்.

பூச்சந்தை_கமிஷன் | அடுத்த திங்கள், காலை 10.20

எல்லோருக்கும் நன்றி. நடந்ததைச் சொல்கிறேன்.

வியாழக்கிழமை அழைப்புப் பட்டியலை வாங்கினேன். ஐயா சொன்னது போலவே, அந்த நாள்களில் கோவைக்கு என் எண்ணிலிருந்து ஒரு அழைப்பும் போகவில்லை. அந்தத் தாளைப் பார்த்ததும்தான் எனக்கு மூச்சு வந்தது. புகார் கொடுத்துவிட்டேன். திட்டியவர்களில் இருபத்திரண்டு பேரிடம் நேரம் கேட்டு ரசீதுப் புத்தகத்தின் பின்பக்கம் குறித்து வைத்திருந்தேன், அதை அப்படியே வாங்கிக்கொண்டார்கள்.

கடை வாசலில் ஒரு பலகை வைத்திருக்கிறேன்: "எங்கள் எண்ணைக் காட்டி வேறு யாரோ பேசுகிறார்கள். நாங்கள் பணமோ கார்டு விவரமோ கேட்க மாட்டோம். சந்தேகம் இருந்தால் வைத்துவிட்டு நீங்களே எங்களை அழையுங்கள்." வாட்ஸ்அப் நிலைத்தகவலிலும் அதையே போட்டேன். அழைப்புகள் ஞாயிற்றுக்கிழமை ஆறாகக் குறைந்தன, இன்று இதுவரை ஒன்று.

கோவை அம்மாவை நானே அழைத்தேன். பணம் போனபின் அவர் யாரிடமும் புகார் செய்யவில்லை, என் எண்ணைத்தான் நாள்தோறும் அழைத்துக்கொண்டிருந்தார். பேரனை அருகில் வைத்துக்கொண்டு 1930க்குப் பேசச் சொன்னேன். நாள் கடந்துவிட்டது, பணம் கிடைக்குமா தெரியாது, ஆனால் புகார் எண் வந்துவிட்டதாகச் செய்தி அனுப்பினார்.

கோரிப்பாளையம்_டீச்சர் | அடுத்த திங்கள், இரவு 7.30

மகிழ்ச்சி அண்ணே. அப்பா இந்த வாரம் நாள்காட்டிக்குப் பக்கத்தில் ஒரு அட்டை மாட்டியிருக்கிறார். கிளையின் எண்ணையும் 1930ஐயும் பெரிய எழுத்தில் அவரே எழுதினார். மேலே "வை, பிறகு அழை" என்று தலைப்பு.

அவர் ஐயாவிடம் ஒரு கேள்வி கேட்கச் சொன்னார். "1930 என்றே திரையில் காட்டி ஒருவன் அழைத்தால்?"

பழைய_எக்ஸ்சேஞ்ச் | அடுத்த திங்கள், இரவு 8.10

கணக்கெழுதியவர் என்பதைக் காட்டிவிட்டார். அப்படியும் காட்ட முடியும். அப்போதும் வைத்துவிட்டு அவரே 1930ஐ அழுத்தட்டும், புகார் எண்ணைச் சொல்லிக் கேட்கட்டும். அந்த அட்டையைப் படமெடுத்துப் போடுங்கள் அம்மா, எங்கள் தெருவில் நான்கு வீட்டில் மாட்ட வேண்டும்.